இருநூற்றுப் பன்னிரண்டாவது சொல்

ரங்கஸ் மொழி இறந்த நாள் நவம்பர் பதினொன்று. அன்றைக்குத்தான் இறந்தது என்று யாரும் பக்கத்தில் இருந்து பார்க்கவில்லை. மலையூரான முன்சியாரியில் அந்த மொழிக்கென்று ஒரு நிலையம் வேண்டும் என்று மேலிடத்துக்கு எழுதியபோது, படிவத்தில் 'மறைந்த தேதி' என்று ஒரு கட்டம் இருந்தது. கட்டம் காலியாக இருந்தால் கோப்பு திரும்பி வந்துவிடும். எழுத்தர் பேனாவைத் திறந்த அன்றைக்கு நவம்பர் பதினொன்று. ஆண்டை மட்டும் மரியாதைக்காக எழுபது வருஷம் பின்னால் தள்ளிப் போட்டார்கள்.

இப்படித்தான் மறைந்த மலைமொழிகள் நிலையம் வந்தது. மொத்தம் நாற்பத்தொரு பேர் வேலை பார்த்தார்கள். ஒருவருக்கும் ரங்கஸ் தெரியாது. தெரிந்தால் வேலை கிடைக்காது. அழிந்த மொழியை ஒருத்தன் பேசினால் அது அழிந்ததாகாது என்று விதியில் தெளிவாக இருக்கிறது. நிலையத்தின் சொத்து ஒரு சொற்பட்டியல். நூறு வருஷத்துக்கு முன்னால் சுற்றுப்பயணம் வந்த ஒரு துரை, மழையில் பங்களாவை விட்டு வெளியே போக முடியாத ஒரு மத்தியானம், சுமைகூலி ஒருவனை உட்கார வைத்துக் கேட்டு எழுதியது. மழை விடும்வரை முன்னூற்றுப் பதினேழு சொற்கள் தேறின. மழை விட்டதும் துரை கிளம்பிப் போய்விட்டார். மொழி அத்தோடு முழுமை பெற்றது.

வருஷாவருஷம் நவம்பர் பதினொன்று நினைவஞ்சலி. முன்னூற்றுப் பதினேழு அகல்விளக்கு ஏற்றுவார்கள். ஆளுக்கு ஏழெட்டுச் சொல் பங்கு. சொல்லைக் கம்மிய குரலில் வாசித்துவிட்டு விளக்கை ஊதி அணைக்க வேண்டும். கடைசி விளக்கும் அணைந்தபின் தட்டுத்தடுமாறிப் போய்ப் பூரியும் ரவை அல்வாவும் சாப்பிடுவார்கள். அல்வா நன்றாக இருக்கும் என்று ஊர் முழுக்கப் பேச்சு.

இதெல்லாம் ஹயாத் சிங்குக்குத் தெரியாது. அவருக்குத் தெரிந்ததெல்லாம் இருநூற்று முப்பது ஆடுகள். குளிருக்குக் கீழே இறங்குவார், மே மாதம் மேலே மர்தோலிப் புல்வெளிக்கு ஏறுவார். அவர் அப்பாவும் அப்படித்தான். இந்த வருஷம் சோதனைச் சாவடியில் நிறுத்திவிட்டார்கள். மேல் பள்ளத்தாக்கை 'மறைந்த மொழி நினைவு வட்டாரம்' என்று அறிவித்துவிட்டார்களாம். நிலையத்தில் அனுமதிச் சீட்டு வாங்காமல் ஆடும் போகக்கூடாது, ஆளும் போகக்கூடாது.

மனைவி பதிமாவைக் கிடையில் விட்டுவிட்டு ஹயாத் சிங் நிலையத்துக்குப் போனார். மணி கட்டிய முன்கிடா மட்டும் அவரை விட்டு இருக்காது, கூடவே வந்தது. அதை வாசலில் நிறுத்திவிட்டு உள்ளே போனார். லோஹனி என்ற எழுத்தர் நல்ல மனுஷன். மூக்குக் கண்ணாடி இல்லாத ஹயாத் சிங்கை அண்ணன் முறை வைத்து 'தாஜ்யூ' என்று கூப்பிட்டு, படிவத்தைத் தானே படித்து நிரப்பினார்.

"பதினாலாவது கேள்வி, தாஜ்யூ. விண்ணப்பதாரர் மறைந்த மொழியில் எதுவும் பேசுவதுண்டா?"

"என்ன மொழி அது?"

"செத்துப்போன மொழி."

"செத்துப்போனதை எப்படிப் பேசறது. இல்லைன்னு போடுங்க."

லோஹனி 'இல்லை' என்று எழுதிக்கொண்டிருக்கும்போது ஹயாத் சிங் ஜன்னல் வழியாகப் பார்த்தார். நிலையத்துத் தோட்டத்தில் மொழிக்கு ஒரு சலவைக்கல் நினைவுத்தூண் உண்டு. முன்கிடா அதன் மேடையில் ஏறி நின்று சாமந்தி மாலையை நிதானமாகத் தின்றுகொண்டிருந்தது.

"ஷுர்தோ" என்று ஒரு அதட்டல் போட்டார்.

கிடா பூவைத் துப்பிவிட்டு மேடையிலிருந்து இறங்கித் திரும்பி வந்தது. லோஹனியின் பேனா நின்றது. பன்னிரண்டு நவம்பராக அவர் பங்கு இருநூற்று ஏழிலிருந்து இருநூற்றுப் பதினான்கு வரை. 'ஷுர்தோ, திரும்பி வா' என்பது இருநூற்றுப் பன்னிரண்டு. அந்தச் சொல்லைத் துக்கத்தோடு மட்டுமே சொல்லிப் பழகியவர் அவர். அதைக் கேட்டு ஒரு ஜீவன் நிஜமாகவே திரும்பி வந்ததை அன்றைக்குத்தான் பார்த்தார். பேசாமல் இருந்திருக்கலாம். ஆனால் உண்மையான ஊழியர், எழுந்து போய் இயக்குநரிடம் சொல்லிவிட்டார்.

இயக்குநர் டாக்டர் வாசஸ்பதி டோபால் ஹயாத் சிங்கை நாற்காலியில் உட்கார வைத்தார். தேநீர் வரவழைத்தார். துக்கம் விசாரிக்க வந்தவர்போல் கையைப் பிடித்துக்கொண்டார்.

"ஹயாத் சிங்ஜி, மொழி உயிரோட இருக்குன்னா எனக்கு சந்தோஷந்தான். ஆனா அது இந்த ஆபீசுக்குக் கொண்டு வர வேண்டிய சந்தோஷம் இல்ல."

"சாப், அது மொழியெல்லாம் இல்ல. ஆட்டை அதட்டற சத்தம்."

"யார் சொல்லிக் கொடுத்தா?"

"எங்கப்பா அப்படித்தான் அதட்டுவார். ஆட்டையும் அதட்டுவார், என்னையும் அதட்டுவார்."

"மனுஷன்கிட்டயும் பேசியிருக்கார்" என்று டோபால் தளர்ந்துபோய் நாற்காலியில் சாய்ந்தார். பிறகு விளக்கினார். "உயிரோட இருக்கற மொழிகளுக்குத் தனிப் பிரிவு இருக்கு. டேராடூன்ல. ஒரு அறை, ஒரு நாற்காலி. அதுல உட்கார்ந்திருந்தவர் ஓய்வு பெற்றுட்டார். உங்க மொழியை அங்க அனுப்பினா என்ன ஆகும்? கவனிக்க ஆளில்லாம செத்துப்போகும். இங்க பாருங்க, நாப்பத்தோரு பேர், தோட்டம், புதுசா கட்டப்போற அஞ்சலி மண்டபம். இந்த மரியாதையெல்லாம் உயிரோட இருக்கற மொழிக்குக் கிடைக்குமா? நீங்களே சொல்லுங்க."

ஹயாத் சிங் ஜன்னல் வழியாக மலையைப் பார்த்தார். "சாப், பக்டியார் ஊருக்கு மேல ஓடையை மூடியிருக்கற பனிப்பாலம் இன்னும் பத்துப் பதினைஞ்சு நாள்தான் தாங்கும். அது உருகிட்டா ஓடையைத் தாண்ட முடியாது. சீட்டு மட்டும் குடுத்துட்டா போயிடுவேன்" என்றார்.

சீட்டு தருவதற்கு முன்னால் விசாரணை நடக்க வேண்டும் என்றார் டோபால்.

சாயங்காலம் கிடைக்குத் திரும்பி வந்து பதிமாவிடம் சொன்னார். அவள் கம்பளி திரித்துக்கொண்டிருந்தாள்.

"எதுக்கு விசாரணை?"

"ஆட்டை அதட்டினதுக்கு."

"ஆட்டை அதட்டாம ஆபீசரையா அதட்டறது? நாப்பத்தோரு பேர் அங்க உட்கார்ந்து என்னதான் பண்றாங்க?"

"அந்த மொழியைப் பேசாம இருக்காங்க."

"அதுக்கு நாப்பத்தோரு பேரா? எங்கக்கா வீட்டுக்காரர் ஒருத்தரே முப்பது வருஷமா எந்த மொழியும் பேசாம இருக்காரே."

சொல்லிவிட்டாளே தவிர அவளும் உள்ளுக்குள் நாளை எண்ணிக்கொண்டுதான் இருந்தாள். மற்றக் கிடைகள் எல்லாம் 'இல்லை' என்று எழுதிக் கொடுத்து ஏறிவிட்டன. அவர்களும் இதே சத்தம் போடுகிறவர்கள்தான், ஆனால் அவர்களுடைய கிடாக்கள் நினைவுத்தூணில் ஏறவில்லை. கீழே வெயில் ஏறினால் ஆட்டுக்குக் குளம்பு அழுகும். மழை பிடித்தால் அட்டை மூக்குக்குள் போகும். போன வருஷம் பாலம் உருகியபின் வந்த ஒருத்தன் பாதி மந்தையைக் கீழேயே புதைத்துவிட்டு, கம்பளிக் கடையில் கூலிக்கு உட்கார்ந்துவிட்டான். நல்ல மேய்ப்பன் அவன்.

விசாரணை கைப்பந்து மைதானத்தில் நடந்தது. மந்தை ஒரு பக்கம், நாற்பத்தொரு ஊழியர்கள் எதிர்ப்பக்கம், நடுவில் டேப் ரிக்கார்டர். ஹயாத் சிங் ஆடுகளிடம் வழக்கமாகச் சொல்வதைச் சொல்ல வேண்டும். ஆடு கீழ்ப்படிந்தால், அந்தச் சொல்லுக்கு உரிய ஊழியர் எழுந்து நிற்க வேண்டும். முதலில் ஒன்பது பேர் எழுந்து நின்றார்கள். டோபால் சமாளித்துக்கொண்டார். ஒன்பதைத் தற்செயல் என்று எழுதிவிடலாம்.

அதற்குள் இரண்டு குட்டிகள் வலைக்கம்பத்தில் சிக்கிக்கொள்ள, ஹயாத் சிங் தன்னை மறந்து அதட்டிக்கொண்டே ஓடினார். ஒதுங்கு என்றார், தலையை இறக்கு என்றார், மூடனே என்றார், ஈன்றவளைத் தேடு என்றார். மந்தை ஒவ்வொன்றுக்கும் சரியாக நடந்துகொண்டது. ஆனால் எதிர்ப்பக்கம் யாரும் எழுந்து நிற்கவில்லை. அப்படிப் பதினான்கு சொற்கள். பட்டியலில் அவை இல்லவே இல்லை.

டோபாலுக்கு வேர்த்துவிட்டது. "முன்னூத்திப் பதினேழோட முழுமைன்னு சட்டசபையிலேயே பதில் சொல்லியாச்சு. செத்துப்போன மொழி எப்படிய்யா வளரும்?"

"செத்த பிறகும் கொஞ்ச நாள் நகம் வளரும்னு சொல்வாங்க சார்" என்றார் லோஹனி.

"அதை எழுத்துல குடுங்க" என்றார் டோபால்.

அன்று மாலையே ஒரு கூட்டம் போட்டு, மொழி என்றால் குறைந்தது இரண்டு மனிதர் தேவை, ஒரு மனிதரும் ஆடும் சேர்ந்தால் அது உரையாடல் ஆகாது என்று தீர்மானித்தார்கள். எனவே ரங்கஸ் இன்னமும் இறந்ததாகவே கருதப்படும். ஆனாலும் முன்னெச்சரிக்கையாக ஹயாத் சிங் அந்தச் சொற்களை விட்டுவிட வேண்டும். அவற்றுக்குப் பதிலாக அங்கீகாரம் பெற்ற சொற்கள் வழங்கப்படும். மந்தை அவற்றில் தேர்ச்சி பெற்றதும் சீட்டு.

மாற்றுச் சொற்கள் மூன்று நாளில் சுற்றறிக்கையாக வந்தன. லோஹனி கிடைக்கே வந்து வாசித்துக் காட்டினார். 'ஷுர்தோ' என்பதற்கு 'பின்னோக்கி வருகை தருக'. கிடாக்களை முன்னால் காலெடுத்து வைக்கச் சொல்லும் 'தியோலா' என்பதற்கு 'முன்னோக்கி வருகை தருக'. மூடனே என்பதற்குப் பொருத்தமான சொல் பரிசீலனையில் இருந்தது.

ஹயாத் சிங் ஐந்து நாள் காலையும் மாலையும் மந்தைக்கு முன்னால் நின்று வருகை தருக, வருகை தருக என்று சொன்னார். ஆடுகள் மிகவும் மரியாதையாகக் கேட்டன. ஒன்றும் அசையவில்லை. ஐந்தாம் நாள் முன்கிடா சுற்றறிக்கையை, டோபாலின் பச்சைமைக் கையெழுத்து உட்பட, தின்று முடித்தது. மந்தை சுற்றறிக்கையை நன்கு உள்வாங்கிக்கொண்டது என்று லோஹனி அறிக்கை எழுதினார். அவர் இதைக் கிண்டலாக எழுதவில்லை, அந்தப் பாவப்பட்ட மந்தையை அனுப்பிவைக்க அவருக்கு வேறு வழி தெரியவில்லை.

மந்தை கெடவில்லை, ஹயாத் சிங்தான் கெட்டுப்போனார். முன்னெல்லாம் மூச்சு விடுவதுபோல் வாயில் வந்த சத்தம் அது. இப்போது வாயைத் திறந்தால் இது பட்டியலில் உண்டா, எத்தனையாவது, யாருடைய விளக்கு என்ற யோசனை வந்து குறுக்கே நின்றது. ஆட்டை நாய் விரட்டினாலும் விக்கித்து நின்றார். ராத்திரி கேழ்வரகு ரொட்டி கேட்கக்கூடத் தயங்கினார்.

"மடுவா ரொட்டிக்கு சர்க்கார் இன்னும் பேர் மாத்தலை, தைரியமா கேளுங்க" என்றாள் பதிமா. அவர் சிரிக்கவில்லை. அவளுக்கு அப்போதுதான் நிஜமாகவே பயம் வந்தது.

பன்னிரண்டாம் நாள் சீட்டு தந்தார்கள். அதற்குமுன் ஒரு உறுதிமொழியில் கையெழுத்து. நான் எழுப்புவது வெறும் சத்தம், அதன் பொருளை நான் அறியேன், எல்லைக்கல் வரை அதையும் எழுப்பமாட்டேன். நிலையத்தின் அதிகாரம் முடிகிற அந்த எல்லைக்கல் பனிப்பாலத்துக்கு அந்தப் பக்கம் இருந்தது. அதுவரை கூடவே போய்க் கண்காணித்துச் சான்று எழுத லோஹனியை நியமித்தார்கள்.

வழியனுப்பும்போது டோபால் நெகிழ்ந்து பேசினார். "ஒரு மொழிக்காக உயிரைக் குடுத்தவங்க உண்டு. மொழியோட சாவுக்காகத் தன் வாயையே குடுத்தவர் நீங்க ஒருத்தர்தான். அந்தப் பதினாலு சொல்லுக்கும் இந்த நவம்பர்லருந்து தனியா விளக்கு வெக்கறோம். நீங்களே வந்து ஊதி அணைக்கணும்."

ஹயாத் சிங் பழக்கதோஷத்தில் கைகூப்பினார்.

முதல் இரண்டு நாள் நடையில் கஷ்டமில்லை. ஒரு பக்கம் பாறை, ஒரு பக்கம் கோரி ஆறு, நடுவே ஆடுகளுக்குப் பிறந்ததிலிருந்து தெரிந்த தடம். ஹயாத் சிங் வாய் திறக்காமல் நடந்தார். லோஹனி நகரத்துச் செருப்போடு கடைசியில் வந்தார். மூன்றாம் நாள் விடியுமுன்னே பதிமா பாத்திரம் பண்டங்களைக் கோவேறு கழுதையில் ஏற்றிக்கொண்டு முன்னால் போய், பனி இறுகியிருக்கும்போதே பாலத்தைத் தாண்டி, அக்கரையில் அடுப்பு மூட்டிவிட்டாள்.

மந்தை வந்து சேர உச்சிவேளை ஆகிவிட்டது. பாலம் மெலிந்து, நடுவில் நீலமாய் ஒரு விரிசல் ஓடியது. அடியில் ஓடை இரைந்துகொண்டிருந்தது. முன்கிடா ஓரத்தில் போய் நின்று, ஒரு காலைத் தூக்கிப் பனியைத் தொட்டுப் பார்த்துவிட்டு, திரும்பி ஹயாத் சிங்கைப் பார்த்தது. பின்னால் இருநூற்று இருபத்தொன்பது ஆடுகளும் நின்றன. வெயில் ஏறிக்கொண்டிருந்தது. அந்தப் பாலம் சாயங்காலம்வரை தாங்காது என்பது ஹயாத் சிங்குக்குப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது.

லோஹனி அவரைப் பார்த்தார், பாலத்தைப் பார்த்தார், நோட்டுப்புத்தகத்தை மூடினார். "சொல்லிடுங்க தாஜ்யூ. நான் அந்தப் பக்கம் திரும்பிக்கறேன்" என்று சொல்லிப் பாறையைப் பார்த்துத் திரும்பி நின்றுகொண்டார்.

ஹயாத் சிங் வாயைத் திறந்தார். சொல் அவருக்குத் தெரியும். நாற்பது வருஷமாக இதே இடத்தில் நின்று சொல்லிய சொல். அது எத்தனையாவது, யாருடைய விளக்கு என்ற யோசனை வந்து குறுக்கே நின்றது. கண்ணில் நீர் முட்ட, வெட்கத்தைவிட்டு, முழு மூச்சையும் பிடித்துக் கத்தினார்.

"முன்னோக்கி வருகை தருக."

ஆடுகள் மரியாதையாகக் கேட்டன.

அக்கரையில் பதிமா கரண்டியைக் கீழே போட்டாள். அந்த மனுஷன் முகம் அவ்வளவு தூரத்திலிருந்தும் அவளுக்குத் தெரிந்தது. நிலையத்தின்மேல் இத்தனை நாளாய் இருந்த ஆத்திரம் எல்லாம் சேர்ந்து வந்தது.

"தியோலா" என்றாள். மலை இரண்டு தடவை திருப்பிச் சொன்னது. அதோடு விடவில்லை. ஒதுங்கு, நெருங்காதே, ஒன்றன்பின் ஒன்று, குட்டியை உள்பக்கம் விடு, மூடனே, பெருமூடனே என்று மூச்சு விடாமல் வந்தது. பாதிக்குமேல் ஹயாத் சிங்கே மறந்துபோனவை. முன்கிடா பனியில் கால் வைத்தது. மந்தை நூல் பிடித்தாற்போல அதன் பின்னால் போனது. கடைசிக் குட்டியைத் தோளில் போட்டுக்கொண்டு ஹயாத் சிங்கும் தாண்டிவிட்டார். இருநூற்று முப்பதும் தப்பித்தன.

லோஹனி மட்டும் மிஞ்சினார். எல்லைக்கல்லைப் பார்க்காமல் சான்று எழுத முடியாது. பாலத்தில் இறங்கினார். பாதி தூரத்தில் நீல விரிசலைப் பார்த்தார், அங்கேயே கால் ஊன்றிப்போய் நின்றுவிட்டார். முன்னாலும் வரவில்லை, பின்னாலும் போகவில்லை. வாங்க சாப், வாங்க என்று ஹயாத் சிங் கூப்பிட்டது அவர் காதில் ஏறியதாகவே தெரியவில்லை.

பதிமா இடுப்பில் கை வைத்துக்கொண்டு பார்த்தாள்.

"தியோலா."

லோஹனியின் வலதுகால் எழுந்தது. பிறகு இடதுகால். நேராக வந்து கரையேறி, ஆடுகளோடு ஆடாக மூச்சிரைத்துக்கொண்டு நின்றார்.

உப்புத் தேநீர் கொடுத்தார்கள். இரண்டு கோப்பை குடித்தபின் எல்லைக்கல்லில் உட்கார்ந்து, 'விண்ணப்பதாரர் மறைந்த மொழியில் ஒரு சொல்லும் பேசவில்லை' என்று எழுதினார். உறுதிமொழித் தாளை இன்னொரு தரம் புரட்டிவிட்டு, அண்ணி முறை வைத்துப் பதிமாவைக் கூப்பிட்டார்.

"பௌஜி, இதுல உங்க பேரே இல்லையே?"

"என்னை யார் கேட்டா?"

"கேக்கலைதான்." நாற்பத்தொரு பேரில் ஒருவருக்கும் அது தோன்றவில்லை என்பது அவருக்கே அதிசயமாக இருந்தது.

"அது கிடக்கட்டும். நீங்க எப்படி வந்து சேர்ந்தீங்க?"

"நீங்க கூப்பிட்டீங்க, வந்தேன்."

"பன்னெண்டு வருஷமா விளக்கை ஊதி அணைச்சுட்டு வர்றீங்களே, இவ்வளவுதான் விஷயம்" என்றாள் பதிமா.

லோஹனி கோப்பையை வைத்தார். அவர் திரும்பிப் போக வேண்டும், அதுவும் உடனே. பாலத்தின் ஓரத்தில் போய் நின்றார். நின்றுகொண்டே இருந்தார். பிறகு திரும்பாமல், தொண்டையைச் செருமிக்கொண்டு கேட்டார்.

"பௌஜி, பயப்படாம போன்னு ஆட்டுக்கு என்ன சொல்வீங்க?"

"உங்க பட்டியல்ல இல்லையா?"

"இல்ல."

"அங்க இருந்தா இந்நேரம் செத்திருக்கும்" என்றாள் பதிமா. சொல்ல வாயெடுத்தவள், எடுத்த வாயை மூடிக்கொண்டு புருஷனைப் பார்த்தாள். "எல்லைக்கல் தாண்டியாச்சு இல்ல? நீங்க சொல்லுங்க."

ஹயாத் சிங் எழுந்தார். தோளில் இருந்த குட்டியை இறக்கிவிட்டார். முதலில் காற்றுதான் வந்தது. இரண்டாம் தரம் சொன்னார். சொல் வந்தது.

லோஹனி போனார்.